முகவரியின் மூன்றாம் வரி

திரையின் இடது மூலையில் ‘உள்ளே: 1’ என்று பச்சை எழுத்தில் நின்றது. அங்கே பூஜ்யம் இருக்க வேண்டும்.

அவன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தான். ஒன்றுதான். ஆஸ்பத்திரியின் நானூறு ஊழியர்களும் புது மென்பொருளுக்கு மாறி மூன்று மாதம் ஆகிறது. பழையதற்குள் நுழையும் வழிகளையெல்லாம் கணினிப் பிரிவுத் தலைவன் என்ற முறையில் அவனே ஒவ்வொன்றாக அடைத்திருந்தான். இருபத்திரண்டு வருஷம் ஓடிய அந்தக் கிழட்டு மென்பொருளை இந்தச் சனிக்கிழமை மதியம் நிரந்தரமாக நிறுத்த வேண்டும், வட்டுகளைத் துடைக்க வேண்டும், திங்களன்று இயக்குநரிடம் ‘முடிந்தது’ என்று ஒரு தாளை நீட்ட வேண்டும். அவ்வளவுதான் வேலை. ஆனால் கிழத்துக்கு ஒரு பிடிவாதம். உள்ளே ஒரே ஒரு ஆள் இருந்தாலும் அது மூடிக்கொள்ளாது. எல்லாரும் வெளியேறிய பிறகுதான் கதவைச் சாத்தும்.

யாருடா அது, என்று சலித்துக்கொண்டே பட்டியலைத் திறந்தான்.

கவுன்ட்டர் 4. பயனர்: பதிவு04. நுழைந்த நேரம்: 1.52.

பதிவு04 என்பது கவுன்ட்டர் 4-இல் நோயாளிகளைப் பதிந்துகொண்டிருந்த பதிவு அக்காவின் எண். பதிவு அக்கா செத்துப் பதினோரு வாரம் ஆகிறது.

முதலில் அவனுக்குக் கோபம்தான் வந்தது. எவனோ விளையாடுகிறான். செத்தவளின் கடவுச்சொல் எவன் கையிலோ சிக்கியிருக்கிறது, சனிக்கிழமையும் அதுவுமாக வேலை வைக்கிறான். வெளியேற்றும் கட்டளையைத் தட்டினான். ‘உள்ளே: 0.’ நிறுத்தும் கட்டளையைத் தட்டப் போனான். விரல் விசையைத் தொடுவதற்குள் மறுபடி ‘உள்ளே: 1.’ வெளியேற்றினான். வந்தது. வெளியேற்றினான். வந்தது. ஐந்தாவது தடவை அவன் கட்டளையைத் தட்டி முடிப்பதற்கு முன்பே அந்த ஒன்று வந்து உட்கார்ந்துகொண்டது.

சர்வர் அறையில் எப்போதும் இருக்கும் இரைச்சல்தான், மின்விசிறிகளின் ஒரே சுருதி, சூடான பிளாஸ்டிக்கின் வாடை, ஏ.சி.யிலிருந்து கழுத்தில் இறங்கும் ஈரக்காற்று. ஆனால் அந்த இரைச்சலுக்கு அடியில் வேறொரு சத்தம் கொஞ்ச நேரமாகவே இருந்திருக்கிறது என்பதை அவன் இப்போதுதான் கவனித்தான், சுவருக்கு அந்தப் பக்கம், பதிவுக்கூடத்திலிருந்து, டக், டக், டக் என்று நிதானமாக, அவசரமே இல்லாத ஒருவர் இரண்டு விரலால் விசைப்பலகையைத் தட்டும் சத்தம். கொஞ்சம் தட்டல். ஓர் இடைவெளி. பிறகு டொக், டொக் என்று என்டர் விசை இரண்டு தடவை.

பதிவு அக்கா என்டரை எப்போதும் இரண்டு தடவை அழுத்துவாள். ஏன் என்று கேட்டால், “ஒண்ணு கம்ப்யூட்டருக்கு, ஒண்ணு எனக்கு” என்பாள்.

அவன் எழுந்து கூடத்துக்குப் போனான். சனிக்கிழமை மதியத்தில் வெளிநோயாளிகள் கிடையாது. காலி நாற்காலிகள் வரிசையாகக் கிடந்தன, பினாயில் போட்டுத் துடைத்த தரை இன்னும் காயவில்லை, உயரமான ஜன்னல்கள் வழியே வெயில் பட்டப்பகலாக உள்ளே விழுந்திருந்தது. பயப்படுவதற்கு அங்கே ஒரு நிழல்கூட இல்லை. கவுன்ட்டர் 4-இல் கம்ப்யூட்டரும் இல்லை. அக்கா செத்த வாரமே அதைக் கழற்றிக் கொண்டுபோய்விட்டார்கள். மேசைமேல் திரை நின்ற இடம் மட்டும் சதுரமாக வெளுத்திருந்தது. சுவரிலிருந்து வந்த பழைய கேபிளின் முனை எதிலும் செருகப்படாமல் தொங்கியது.

சத்தம் நின்றிருந்தது. ஆனால் அக்கா எப்போதும் தேய்த்துக்கொள்ளும் தலைவலித் தைலத்தின் வாசனை அடித்தது. நேற்றைய வாசனை அல்ல, இப்போதுதான் யாரோ நெற்றியில் தேய்த்த வாசனை.

அடச்சே, என்று வாய்விட்டே சொல்லிக்கொண்டான். செத்தவள் எழுந்து வந்து சாட்சி சொல்லப் போகிறாளா என்ன? சொல்லிய பிறகுதான் அவனுக்கே உறைத்தது, சாட்சி என்ற சொல் ஏன் வந்தது என்று.

அவனுக்குத் தெரியும் ஏன் வந்தது என்று.

பழைய மென்பொருளை எழுதிய புண்ணியவான்கள், நோயாளிக்கு ஆகாத மருந்தைக் குறிக்க ஓர் இடம் வைக்கவே மறந்துபோனார்கள். முகவரிக்கு மட்டும் தாராளமாக மூன்று வரி கொடுத்திருந்தார்கள். கதவு எண்ணும் தெருவும் ஊரும் இரண்டு வரியில் அடங்கிவிடும். மூன்றாவது சும்மா கிடந்தது. பதிவு அக்காதான் முதன்முதலில் அதில் எழுதினாள். ‘ஆகாது: 12.’ அந்த ஆஸ்பத்திரியில் ஒவ்வொரு மருந்துக்கும் ஓர் எண் உண்டு, டாக்டர் முதல் ஸ்டோர்காரர் வரை எண்ணைச் சொல்லித்தான் பேசுவார்கள். மற்ற கவுன்ட்டர்காரிகள் அக்காவைப் பார்த்து அப்படியே எழுதினார்கள். ஊசி போடுவதற்கு முன் நோயாளியின் முகவரியைப் பார்க்க வேண்டும் என்பது நர்ஸுகளுக்குப் பழக்கமாகிவிட்டது. எந்தக் கையேட்டிலும் இல்லாத பழக்கம். அது இருபத்திரண்டு வருஷம் உயிர்களைக் காப்பாற்றியது.

புது மென்பொருளில் முகவரிக்கு இரண்டே வரி. மாற்றத்துக்கு முந்தின வாரம் அக்கா கூட்டத்தில் எழுந்து நின்றாள்.

“சார், முகவரில மூணாவது வரிய விட்டுடாதீங்க. ஆகாத மருந்தெல்லாம் அதுலதான் இருக்கு.”

“முகவரில போய் யாராவது மருந்து எழுதுவாங்களாக்கா?” என்றான் அவன். “அப்புறம் மருந்துச் சீட்டுல வீட்டு நம்பர் எழுதுவீங்க போல.”

அறை சிரித்தது. அவள் சிரிக்கவில்லை.

“எடமில்லாம எழுதினோம் சார். ஆயிரத்துச் சொச்சம் பேர் இருக்காங்க. பத்து நாள் குடுங்க, ஒவ்வொண்ணா நானே பாத்து புதுசுல ஏத்திடுறேன்.”

“பாக்கலாம்க்கா.”

பாக்கலாம் என்றால் என்ன அர்த்தம் என்று அந்தக் கட்டடத்தில் எல்லாருக்கும் தெரியும். வெள்ளிக்கிழமைக்குள் முடிப்பதாக அவன் இயக்குநரிடம் மார்தட்டியிருந்தான். மூன்றாவது வரியை வெட்டிவிட்டு மாற்றினான். அங்கே ஐம்பத்து மூவாயிரம் பதிவு, இங்கே ஐம்பத்து மூவாயிரம் பதிவு, எண்ணிக்கை பொருந்தியது. ஒரு பிழைகூட இல்லை என்று கையெழுத்துப் போட்டான். கைதட்டினார்கள்.

இரண்டு வாரம் கழித்து அக்கா கவுன்ட்டரிலேயே மயங்கி விழுந்தாள். நாற்பதடி தூரத்தில் இருந்த அவசரப் பிரிவுக்குத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். கடும் காய்ச்சல், நினைவில்லை, வாய் திறந்து எதையும் சொல்ல முடியவில்லை. கம்ப்யூட்டர்தான் சொல்லியிருக்க வேண்டும். கம்ப்யூட்டரில் ஒன்றும் இல்லை. பன்னிரண்டாம் எண் ஊசியைப் போட்டார்கள். மாலை நான்கு மணிக்கு எல்லாம் முடிந்துவிட்டது.

அன்றைக்கே அவன் பழைய மென்பொருளில் அவளுடைய பதிவைத் திறந்து பார்த்தான். மூன்றாம் வரி. ஆகாது: 12.

அப்போதாவது வாயைத் திறந்திருக்கலாம். ஆயிரத்து நூற்று ஆறு பேருக்கு அந்த வரி இருந்தது. எல்லாவற்றையும் எடுத்துப் புதியதில் ஏற்றியிருக்கலாம். ஆனால் ஏற்றினால், முன்பே ஏன் ஏற்றவில்லை என்று கேட்பார்கள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க வேண்டுமானால் முதலில் பூசணிக்காயை வெட்ட வேண்டும். ஒரே கட்டளை. மூன்று நொடி. ஆயிரத்து நூற்று ஆறு வரிகளும் பழையதிலிருந்தும் போய்விட்டன. விசாரணையில், ‘தனக்கு ஆகாத மருந்தைப் பதிவு செய்யாதது பதிவாளரின் சொந்தக் கவனக்குறைவு’ என்று அவன் சொன்னதை அப்படியே எழுதிக்கொண்டார்கள். மற்ற கவுன்ட்டர்காரிகளை ஏற்கெனவே வேறு பிரிவுகளுக்கு மாற்றியிருந்தார்கள். வாயைத் திறந்தால் அடுத்த மாற்றம் வீட்டுக்குத்தான் என்று அவர்களுக்கும் நர்ஸுகளுக்கும் தெரியும்.

அக்காவின் புருஷன், ஓய்வுபெற்ற பஸ் டிரைவர், ஒருநாள் அவன் அறைக்கு வந்தார்.

“ஊருக்கெல்லாம் எழுதினவ, தனக்கு எழுதாம விட்டிருப்பாளா தம்பி?”

“மனுஷங்கதானே சார். மறந்திருப்பாங்க.”

“அவ யாரையும் மறக்க மாட்டா,” என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

வெளுத்த சதுரத்தைப் பார்த்தபடி நின்றிருந்தவனின் சட்டைப்பையில் போன் அதிர்ந்தது. துள்ளிவிட்டான். மனைவி.

“என்னங்க, குட்டி சைக்கிள்லேர்ந்து விழுந்துட்டா. முட்டி நல்லாக் கிழிஞ்சிருக்கு. அவசரப் பிரிவுக்குத்தான் கூட்டிட்டு வந்திருக்கேன். பயப்படாதீங்க, நாலு தையல்தானாம். மரத்துப்போறதுக்கு ஊசி போட்டுட்டுத் தைக்கறாங்களாம். நீங்க இங்கதானே இருக்கீங்க, கொஞ்சம் வாங்களேன். அப்பா வேணும்னு அழுவுறா.”

மரத்துப்போக ஊசி.

குட்டிக்கு இப்போது ஒன்பது வயது. பிறந்து இருபதாம் நாள் இதே ஆஸ்பத்திரியில் அவளுக்குச் சின்னதாக ஓர் அறுவை நடந்தது. அவன் அப்போது இங்கே வேலைக்குச் சேர்ந்திருக்கவில்லை. ஊசி போட்ட சில நிமிஷத்தில் குழந்தை நீலம் பாரித்து, இதோ போய்விட்டாள் என்று நினைக்கையில் மீட்டார்கள். டாக்டர் அவனை மட்டும் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார், மரத்துப்போக நம்மிடம் இருப்பது இரண்டு ஊசி, நாற்பத்தொன்றும் நாற்பத்தேழும், அதில் ஒன்று உங்கள் பெண்ணுக்கு ஜென்மத்துக்கும் ஆகாது என்று. பச்சை உடம்புக்காரி பயந்துவிடுவாள் என்று மனைவியிடம் அவன் சொல்லவில்லை. நேராக கவுன்ட்டர் 4-க்குப் போய்ச் சொன்னான். அந்த அம்மா இரண்டு விரலால் தட்டிக்கொண்டாள். எங்கே தட்டினாள் என்று அவன் பார்க்கவில்லை.

“வீட்லயும் எழுதி வச்சுக்குங்க தம்பி,” என்றாள்.

“அதான் கம்ப்யூட்டர்ல ஏத்திட்டீங்களேக்கா,” என்று சொல்லிவிட்டு வந்தான்.

எது ஆகாது? நாற்பத்தொன்றா? நாற்பத்தேழா?

ஐயோ. அவன் அழித்த ஆயிரத்து நூற்று ஆறில் ஒன்று அவன் பெற்ற பெண்ணுடையது. அழித்த அன்று வீட்டு நினைப்பு அவனுக்கு வரவே இல்லை.

“கேக்குதா? என்னங்க?”

“நான் வர்ற வரைக்கும் ஊசி போட வேணாம்னு சொல்லு. அஞ்சு நிமிஷம்.”

“ஏன்? என்னாச்சு?”

“சொல்லு!”

இரண்டுமே வேண்டாம் என்று போய்ச் சொல்லிவிடலாம். வேறு வழி பார்ப்பார்கள். ஆனால் ஏன் என்று டாக்டர் கேட்பார். சின்ன வயதில் இங்கேயேதான் ஆகாமல் போனது என்றால், அப்புறம் ஏன் பதிவில் இல்லை என்பார். முகவரியில் இருந்தது என்று ஏதாவதொரு நர்ஸ் சொல்வாள். பதினோரு வாரமாக மூடி வைத்தது அங்கேயே, மனைவி எதிரிலேயே, நாற்றமெடுக்கும். வேலை போகும். ஜெயில்கூட வரலாம். எண் மட்டும் தெரிந்துவிட்டால் போதும், ஏதாவது சொல்லிச் சமாளித்துக்கொள்ளலாம். அவன் சர்வர் அறைக்கு ஓடினான்.

திரையில் பட்டியல் இல்லை. குட்டியின் பதிவு திறந்திருந்தது.

அவன் திறக்கவில்லை.

பெயர். வயது. முகவரி முதல் வரி, அவன் வீட்டு எண். இரண்டாம் வரி, அவன் தெரு. மூன்றாம் வரி காலி. அதில் ஒரு பச்சைக் கோடு மின்னி மின்னி அணைந்தது. கீழே ஒரு கேள்வி. இருபத்திரண்டு வருஷமாக அந்த மென்பொருளில் இல்லாத கேள்வி.

அழித்தவர்:

மின்விசிறிகள் எல்லாம் ஒரே நேரத்தில் நின்றன. அப்படி ஒரு நிசப்தத்தை அந்த அறையில் அவன் கேட்டதே இல்லை. தைல வாசனை கண்ணைக் கரித்தது. அவன் நாற்காலிக்குப் பின்னால், வெகு அருகில், மூக்கடைப்பு உள்ளவர்கள் விடுவதுபோல யாரோ மூச்சு விட்டார்கள்.

திரும்பவில்லை. திரும்ப முடியவில்லை.

அவனுடைய எண் நிர்வாகி01. விரல் அந்தப் பக்கம் போனது. முதல் எழுத்தைத் தட்டினான். நின்றான். இது எங்கேயோ பதிவாகும். எவனோ ஒருநாள் படிப்பான். செத்தவளுக்கு இனிமேல் என்ன நஷ்டம்? இருப்பவன் அல்லவா வாழ வேண்டும்?

எழுத்தை அழித்தான்.

பதிவு04 என்று தட்டினான்.

என்டர்.

பின்னால் மூச்சு நின்றது.

அவன் கையை எடுத்த பிறகு, என்டர் விசை தானாக இன்னொரு முறை இறங்கி எழுந்தது.

டொக்.

மூன்றாம் வரியில் எழுத்துகள் ஒவ்வொன்றாக வந்தன.

ஆகாது: 41.

அப்பாடா! அவனுக்கு அழுகையே வந்துவிட்டது. தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று. இடது மூலையில் எண் மாறியிருந்தது. ‘உள்ளே: 0.’ அவன் எதையும் தட்டாமலே பழைய மென்பொருள் தன்னை மூடிக்கொண்டது. திரை கறுத்தது. உள்ளே இருந்தவர் வெளியேறிவிட்டார். மின்விசிறிகள் மறுபடி சுழல ஆரம்பித்தபோது அவன் பாதித் தாழ்வாரம் ஓடியிருந்தான்.

அவசரப் பிரிவின் கடைசிப் படுக்கையில் குட்டி சாய்ந்திருந்தாள், முழங்காலில் பஞ்சு, கன்னத்தில் காய்ந்த கண்ணீர். தட்டில் இரண்டு சின்னக் குப்பிகளோடு நர்ஸ் நின்றிருந்தாள். டாக்டர் கையுறை மாட்டிக்கொண்டு காத்திருந்தார்.

“நீங்க வரணும்னு நிக்கறோம் சார். என்ன விஷயம்?”

“நாப்பத்தொண்ணு வேணாம் டாக்டர்.” மூச்சு வாங்கியது. “போன வருஷம் வேற எடத்துல போட்டப்ப லேசா அரிப்பு வந்துச்சு. நாப்பத்தேழு போட்டுடுங்க.”

“எப்பங்க?” என்றாள் மனைவி. “எனக்குத் தெரியாம எப்ப?”

“நீ உங்கம்மா வீட்டுக்குப் போயிருந்தே.”

நர்ஸ் பக்கத்திலிருந்த திரையைப் பார்த்தாள். “பதிவுல ஒண்ணும் இல்லையே சார். சரி, ஏத்திடவா? தகவல் தந்தவர்னு கேக்குது. அப்பான்னு போட்டுக்கவா?”

“போட்டுக்குங்க.”

நாற்பத்தேழை ஏற்றினார்கள். முழங்காலுக்கு மேலே ஒன்று, கீழே ஒன்று. குட்டி கண்ணை இறுக்கிக்கொண்டு அவன் விரலைப் பிடித்தாள். அவன் அவளுடைய முடியைக் கோதிவிட்டான். டாக்டர் பஞ்சால் காயத்தை ஒற்றினார்.

“வலிக்குதாடா கண்ணு?”

“வலிக்கவே இல்லப்பா.”

மனைவி பெருமூச்சு விட்டாள். நர்ஸ் நூலை எடுத்தாள். அவன் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டான்.

“அப்பா.”

“என்னம்மா?”

“ஊசி முட்டிலதானே போட்டாங்க? ஒதடு ஏன் மரத்துப்போவுது?”

டாக்டரின் கை நின்றது.

குட்டியின் உதட்டு ஓரம் நீலமாக இருந்தது. பார்க்கப் பார்க்க அந்த நீலம் பரவியது. டாக்டர் ஏதோ கத்தினார். நர்ஸ் ஓடினாள். மனைவி அவன் சட்டையைப் பிடித்து உலுக்கினாள்.

குட்டி அவனைப் பார்க்கவில்லை. கட்டிலின் அந்தப் பக்கத்தைப் பார்த்தாள். அடிபட்ட காலைச் சிரமப்பட்டு நகர்த்தி, மரியாதையாக இடம் விட்டாள். காலியான அந்த ஓரத்தில் மெத்தை மெல்ல அமுங்கியது. விரிப்பு சுருங்கியது. ஒரு ஆள் கனம். தைல வாசனை.

குட்டி தலையைச் சாய்த்து எதையோ கேட்டாள். பிறகு தன் பெயரைச் சொன்னாள். ஒன்பது வயது என்றாள். நாக்கு குழறியது. அடுத்த கேள்வியையும் கேட்டுக்கொண்டாள். கொஞ்சம் யோசித்தாள்.

நீலம் பாரித்த விரலை நீட்டி, அப்பாவைக் காட்டினாள்.

“இவர்தான்,” என்றாள்.